ஆறேழு வீடு, ஒரு மந்து: தோடர்களின் மலை

கேள்வி இதுதான்: "ஊட்டி தாவரவியல் பூங்காவுக்கு மேலே இருக்கும் தோடர் மந்துக்கு, அதாவது அந்தப் பழங்குடியினரின் குடியிருப்புக்கு, போய்விட்டு வந்தோம். ஏழெட்டு வீடு, வேலி போட்ட ஒரு கோவில், அவ்வளவுதான். இவ்வளவு சின்ன ஊரும் இவ்வளவு சின்ன சமூகமும் எப்படித் தாக்குப்பிடிக்கின்றன? இவர்கள் யார், எங்கிருந்து வந்தவர்கள்? இன்னும் பழையபடியே வாழ்கிறார்களா?"

நீலகிரியில் கால்நடைத் துறையில் பதினெட்டு வருடம் வேலை பார்த்தேன். மந்துகளுக்கு நான் போனது எருமைகளுக்கு ஊசி போடத்தான். அதனால் என் பதில் எருமையிலிருந்துதான் தொடங்கும். தோடர்களிடம் கேட்டாலும் அங்கிருந்துதான் தொடங்குவார்கள். பூமிக்கு அடியிலிருந்து ஓன் என்ற தெய்வம் எருமைகளை ஒவ்வொன்றாக வெளியே இழுத்ததாம். கடைசி எருமையின் வாலைப் பிடித்துக்கொண்டு ஒரு மனிதன் வெளியே வந்தானாம். அவன்தான் முதல் தோடன். எருமை முதலில், மனிதன் அதற்குப் பின்னால்.

மந்து ஏன் சின்னது என்பதற்கும் இதிலேயே விடை இருக்கிறது. சமவெளியில் நாம் சொல்லும் ஊர் வேறு. அங்கே ஆள் சேரச் சேரத் தெரு நீளும். மந்து என்பது ஒரு குலத்தைச் சேர்ந்த சில குடும்பங்கள், அவர்களின் எருமைகள், ஒரு பால்கோவில், ஒரு பட்டி, பக்கத்தில் ஒரு ஓடை, சுற்றிலும் புல். ஒரு மலைச்சரிவின் புல் இத்தனை எருமைக்குத்தான் போதும் என்றால், அங்கே இத்தனை பேர்தான் இருக்க முடியும். கூடினால் வேறொரு சரிவில் வேறொரு மந்து. ஆகவே ஆறு வீடு என்பது தேய்ந்துபோன ஊரின் மிச்சம் என்று நினைத்துவிடாதீர்கள். பெரும்பாலும் அதன் சரியான அளவே அதுதான். பழைய நாளில் ஒரே குடும்பத்துக்கு இரண்டு மூன்று மந்துகள் உண்டு. டிசம்பருக்குப் பிறகு பனியில் கிழக்குப் பக்கத்துப் புல் கருகிவிடும். அப்போது எருமைகளை ஓட்டிக்கொண்டு மேற்கே, ஈரம் காயாத குந்தா மலைப் பக்கம் போய்விடுவார்கள். மழை வந்ததும் திரும்புவார்கள்.

மந்து என்ற சொல்லை நாம் ஏதோ புரியாத மலைச்சொல் என்று நினைக்கிறோம். நம்முடைய மன்று, மன்றம், மந்தை எல்லாம் அதன் கூடப் பிறந்தவை. ஆட்கள் கூடும் இடத்துக்கும் மாடுகள் கூடும் இடத்துக்கும் பழந்தமிழில் ஒரே சொல் இருந்ததே, அது அந்த மலையில் இன்னும் பிரியாமல் கிடக்கிறது. உதகமண்டலத்தை வெள்ளைக்காரர்கள் ஒட்டகமண்ட் என்று எழுதினார்கள், அதன் வாலில் மண்ட் என்று இருக்கும். அந்த வாலும் இந்த மந்துதான்.

இவர்கள் யார் என்ற கேள்விக்கு நூறு வருடமாகக் கதை கட்டியிருக்கிறார்கள். நெடிய உருவம், தாடி, உடம்பைச் சுற்றிய வெள்ளைப் போர்வை, இதைப் பார்த்ததும் வந்தவர்களுக்கெல்லாம் கற்பனை ஓடியது. கிரேக்கர் என்றார்கள், ரோமர் என்றார்கள், காணாமல்போன இஸ்ரவேல் குலம் என்றார்கள், சுமேரியர் என்றும் ஒருவர் சொன்னார். எதற்கும் ஆதாரம் இல்லை. மொழி மிகத் தெளிவாகப் பேசுகிறது. தோடர் மொழி தென் திராவிட மொழி, தமிழுக்கும் மலையாளத்துக்கும் நெருங்கிய உறவு. அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்ளும் பெயர் ஓள். நம்முடைய ஆள்தான் அது. நாம் ஆ என்று சொல்லும் இடத்தில் அவர்கள் வாய் ஓ என்று குவியும், பெரும்பாலும். இதைத் தெரிந்துகொண்ட பிறகும் ஒரு வாக்கியம்கூட எனக்குப் பிடிபட்டதில்லை. காரணம் ஒலிகள். காற்றை உரசிவிடும் ஒலிகள் திராவிட மொழிகளிலேயே அதில்தான் மிக அதிகம். ரகரத்தில் மட்டும் மூன்று இடத்தில் நாக்கு அதிரும். எழுத்து கிடையாது.

எழுத்து வரலாற்றில் அவர்கள் பெயர் முதலில் வருவது 1117-இல். ஹொய்சள மன்னன் விஷ்ணுவர்த்தனனின் தளபதி புணிசன் தோடரை அஞ்சச் செய்தான் என்று ஒரு கன்னடக் கல்வெட்டு பெருமை பேசுகிறது. அப்போதே மலைமேல் இருந்திருக்கிறார்கள் என்பது நமக்குப் போதும். 1603-இல் ஃபெனிசியோ என்ற ஏசு சபைப் பாதிரியார் மலையாளக் கரையிலிருந்து ஏறிவந்து பார்த்துவிட்டு எழுதினார். அப்புறம் இருநூறு வருடம் யாரும் அதிகம் தொந்தரவு செய்யவில்லை. 1819-இல் கோவை கலெக்டர் ஜான் சல்லிவன் மேலே வந்தார். அதன் பிறகு நடந்தது ஊட்டியின் கதை.

இனி எருமைக்கு வருகிறேன். நீங்கள் பார்த்த வேலிக்குள் இருந்தது கோவில் என்று சொன்னார்கள் இல்லையா? சரிதான், ஆனால் உள்ளே சிலை இருக்காது. பால் கறந்து, உறைய வைத்து, மத்தால் கடைந்து, வெண்ணெய் எடுத்து உருக்கும் இடம் அது. அந்த வேலைதான் பூசை. அதைச் செய்கிற ஆள்தான் பூசாரி. நம் ஊரில் கோவிலுக்குப் பால் கொண்டுபோவோம். அங்கே பாலைப் பாலாக வைத்திருப்பதே வழிபாடு. எருமைகளில் வீட்டு எருமை வேறு, கோவில் எருமை வேறு. கோவில் எருமைகளுக்குள்ளும் படிநிலை உண்டு, அதற்கேற்பக் கோவிலுக்கும் பூசாரிக்கும் படிநிலை. மிக உயர்ந்த கோவில்களின் பூசாரிக்குப் பெயரே பாலாள் என்பதுதான், அவர்கள் உச்சரிப்பில். அந்தப் பொறுப்பில் இருக்கும் காலம் முழுக்க மனைவியிடமிருந்தும் மந்திலிருந்தும் விலகி இருக்க வேண்டியிருந்தது.

இதில் ஒரு ஏற்பாடு எனக்கு ரொம்பப் பிடிக்கும். தோடர்கள் இரண்டு பெரும் பிரிவு. ஒன்று தார்த்தார், மற்றது தெய்வெலி. ஒரு பிரிவு மற்றதில் பெண் எடுப்பதில்லை. அந்த உயர்ந்த கோவில்களின் எருமைக் கூட்டங்கள் தார்த்தாருக்குச் சொந்தமாக இருந்தன. ஆனால் அவற்றின் பாலாளாகத் தெய்வெலி ஆள்தான் இருக்க முடிந்தது. உடைமை ஒருவருக்கு, தொடும் உரிமை இன்னொருவருக்கு. ஒரு காலத்தில் ஆயிரம் பேர்கூட இல்லாத சமூகம் உடையாமல் ஒட்டியிருக்க இதைவிட நல்ல முடிச்சு எது?

முதன்முதலாக ஒரு மந்துக்குக் கோமாரித் தடுப்பூசி போடப் போன நாள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. தோடர் எருமை சமவெளி எருமை மாதிரி சாதுவாக நின்று கொடுக்காது. உடல் கனம், கொம்பு பக்கவாட்டில் அகன்று பிறை மாதிரி வளைந்து நிற்கும், பாதி காட்டு குணம். அறிமுகம் இல்லாதவன் வேட்டியைப் பார்த்தாலே முட்ட வரும். நாங்கள் மூன்று பேர் கயிற்றோடு அரைமணி நேரம் சரிவில் ஓடினோம், ஒன்றும் அகப்படவில்லை. மந்துப் பெரியவர் வாசலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு எழுந்து வந்து, "பிடிச்சா வராது டாக்டர், கூப்பிட்டா வரும்" என்றார். கையை வாயருகே குவித்து ஒரு பெயர் சொன்னார். நாற்பது எருமைக்கு நடுவில் ஒன்றே ஒன்று தலையைத் தூக்கியது. மற்றவை மேய்ந்துகொண்டிருந்தன. அது நேராக நடந்து வந்து அவர் பக்கத்தில் நின்றது. கழுத்தில் கை வைத்துக்கொண்டார், நான் ஊசி போட்டேன். அடுத்த பெயர். இப்படியே மதியத்துக்குள் முடிந்தது. நான் பதிவேட்டில் எண் எழுதிக்கொண்டிருந்தேன். அவர் ஒவ்வொன்றுக்கும் தாய் பெயர், அதன் தாய் பெயர் என்று மூன்று தலைமுறை சொல்லிக்கொண்டே வந்தார். அவர்கள் வேண்டுதலில் எருமையின் பெயர், பட்டியின் பெயர், ஓடையின் பெயர், மலையின் பெயர் வரிசையாக வரும் என்று பின்னால்தான் தெரிந்துகொண்டேன். அன்று அவர் எனக்காகச் சொன்னதும் ஏறக்குறைய ஒரு வேண்டுதல்தான்.

பால் அதிகம் கிடைக்காது, நாளுக்கு இரண்டு மூன்று லிட்டர். ஆனால் கொழுப்பு எட்டு சதவீதம் அளவுக்கு இருக்கும். அந்த வெண்ணெயும் நெய்யும்தான் மலையில் அவர்களுடைய நாணயம். இறைச்சி சாப்பிடுவதில்லை, பழைய நாளில் பயிர் வைத்ததுமில்லை. பக்கத்தில் படகர் தானியம் கொடுத்தார்கள். ஏழு ஊர்களில் இருந்த கோத்தர் இரும்பு, பானை, இழவு வீட்டு வாத்தியம் கொடுத்தார்கள். குறும்பர் காட்டுப் பொருள் கொடுத்தார்கள். நீங்கள் கேட்ட "எப்படித் தாக்குப்பிடித்தார்கள்" என்பதில் பாதி விடை இது. தனியாக ஒதுங்கி வாழ்ந்த கூட்டம் என்பது பயணிகள் கட்டிய கதை. நான்கு சமூகங்கள் ஒன்றையொன்று தாங்கிக்கொண்ட மலை அது.

ஒரு தோடர் இறந்தால் எருமையும் உடன் போகும். இளைஞர்கள் வெறுங்கையால் எருமையை மடக்கிப் பிடிப்பதைத் துக்கத்தின் நடுவிலும் ஊரே நின்று பார்க்கும். இறந்தவரும் எருமையும் முக்குர்த்தி மலையிலிருந்து மேற்கே மறுவுலகுக்குத் தாவுவதாக நம்பிக்கை. அந்தச் சிகரம் மேற்கே செங்குத்தாக அறுந்து விழுவதை ஒரு தடவை பார்த்தால், ஏன் அந்த இடம் என்று கேட்கத் தோன்றாது.

பாட்டைப் பற்றிச் சொல்லாவிட்டால் பதில் குறைபடும். எமனோ என்ற மொழியியலாளர் 1930களில் நீலகிரியில் தங்கித் தோடர் பாடல்களைத் திரட்டினார். அவர் கண்டது: தனியாகப் புலவர் என்று யாரும் இல்லை. யார் வேண்டுமானாலும் அந்த இடத்திலேயே பாட்டுக் கட்டுவார்கள். ஒவ்வொரு வரிக்கும் இணையாக இன்னொரு வரி. இரண்டு இரண்டாகத்தான் போகும். கல்யாணம், சாவு, எருமை, பஸ் பயணம் எதுவும் பாட்டாகும். அன்று சில நூறு பேரே பேசிய மொழியில் எல்லோரும் கவிகள் என்றால், அந்த மொழியைச் சின்ன மொழி என்று எப்படிச் சொல்வது?

பெண்கள் பால்கோவில் பக்கம் போகக் கூடாது, பால் கறக்கவும் கூடாது. இது எனக்கு உவப்பில்லாத விஷயம், மறைக்க விரும்பவில்லை. சகோதரர்கள் ஒரே பெண்ணை மணக்கும் வழக்கம் முன்பு இருந்தது, போய் ரொம்ப நாளாயிற்று. அதைப் பற்றி மட்டுமே கேட்கும் சுற்றுலாப் பயணிகளைப் பார்த்து அவர்கள் சலித்துப் போயிருக்கிறார்கள். வில் கொடுக்கும் சடங்கு இன்னும் இருக்கிறது. கர்ப்பிணிக்குப் புல்லும் குச்சியும் கொண்டு செய்த சின்ன வில்லைக் கொடுக்கிறவர்தான் பிறக்கும் பிள்ளைக்குத் தகப்பன்.

இனி எண்ணிக்கை. 1901 கணக்கெடுப்பில் தோடர் ஏறத்தாழ 800 பேர். அந்தக் காலத்தில்தான் ரிவர்ஸ் என்ற மானிடவியலாளர் வந்து, ஏறக்குறைய ஒவ்வொரு குடும்பத்தின் வம்சாவளியையும் எழுதிவைத்தார். ஒரு தனி ஆள் அப்படி எழுத முடிகிற அளவுக்கு மக்கள் குறைவு. வெள்ளைக்காரர் வந்த பிறகு பரவிய நோய்களால் பிள்ளைப் பேறே குறைந்தது. இருபதாம் நூற்றாண்டின் நடுவில் இந்த இனம் முடிந்தது என்றே பலர் எழுதினார்கள். எவாம் பில்ஜெயின் என்ற தோடர் பெண் செவிலியர் படிப்பு முடித்து, நடமாடும் மருத்துவ வண்டியோடு மந்து மந்தாகப் போனார். மருந்து போய்ச் சேர்ந்ததும் பிள்ளைகள் பிழைத்தார்கள். 2011 கணக்கெடுப்பில் ஏறத்தாழ 2,000 பேர். ஆகவே, ஆள் குறைகிறார்கள் என்ற கவலை இன்று தேவையில்லை.

குறைந்தது புல். நான் சொல்ல வந்ததே இதுதான்.

நீலகிரியின் மேல்தளம் இயல்பில் காடு அல்ல. மடிப்புகளில் மட்டும் சோலை, மற்ற இடமெல்லாம் புல்வெளி. இரவில் பனி உறையும் அந்தச் சரிவுகளில் புல்தான் நிலைக்கும். வெள்ளைக்காரர் கண்ணுக்கு அது வெறும் தரிசாகத் தெரிந்தது. விறகுக்காக 1840களிலேயே ஆஸ்திரேலியாவிலிருந்து சீகை (வாட்டில்) மரமும் கற்பூர (யூக்கலிப்டஸ்) மரமும் வந்தன. சுதந்திரத்துக்குப் பிறகு நம் அரசு அதை இன்னும் பெரிய அளவில் செய்தது. தோல் பதனிடச் சீகைப் பட்டை, சிறுமுகை ரேயான் ஆலைக்கு மரக்கூழ், இதற்காகப் புல்வெளி மலை மலையாகத் தோட்டமானது. காடு வளர்ப்பு என்று அதற்குப் பெயர். இன்னொரு பக்கம் தேயிலை, உருளைக்கிழங்கு. குந்தா நீர்மின் திட்டத்தில் அவலாஞ்சி, எமரால்டு, மேல்பவானி என்று வரிசையாக அணைகள் வந்தபோது, மேற்கே எருமை ஓட்டிப்போகும் பாதைகளும் மேய்ச்சல் பள்ளத்தாக்குகளும் தண்ணீருக்குள் போயின.

சீகை மரத்தை வெட்டினாலும் போகாது. விதை மண்ணுக்குள் பல வருடம் உறங்கும். தீப்பட்டால் முளைக்கும். நான் வேலைக்குச் சேர்ந்தபோது எருமைகள் மேய்ந்த ஒரு சரிவு, நான் மாற்றலாகி வரும்போது சீகைப் புதராகிவிட்டிருந்தது. புதருக்குள் புலி மறைந்திருக்கும். திறந்த புல்லில் எருமைகள் வட்டம் கட்டிக் கொம்பைக் காட்டி நிற்கும், புலி யோசிக்கும். புதரில் அந்த வித்தை செல்லாது. ஒரு வருடத்தில் நாலு எருமை போன வீட்டில், ஐந்தாவதை யார் மேய்ப்பார்? பிள்ளை கல்லூரியில் இருக்கிறான். கேரட் போட்டால் மூன்று மாதத்தில் காசு. இன்று தோடர் எருமை மொத்தமே சில ஆயிரத்துக்குள் சுருங்கிவிட்டது. எருமையே இல்லாத மந்துகள் உண்டு.

எருமை போனதைவிட என்னை உறுத்தியது கூரை. பால்கோவிலுக்கு எல்லாப் புல்லும் ஆகாது. சதுப்பில் மட்டும் வளரும் ஒரு புல் வேண்டும். ரங்காச்சாரி என்ற நம் ஊர்த் தாவரவியலாளர் பெயரைத் தாங்கி எரியோக்ரைசிஸ் ரங்காச்சாரி என்று அதற்கு அறிவியல் பெயர். சீகையும் கற்பூரமும் வந்து சதுப்பை உறிஞ்சிவிட்டால் அந்தப் புல் இல்லை. ஒரு மந்தில் கூரை வேயும் நாளில் இருந்தேன். கட்டுகளை ஒருவர் தலையில் சுமந்து வந்து இறக்கினார். எங்கே கிடைத்தது என்று கேட்டேன். முன்பெல்லாம் ஓடைக்கு அந்தப் பக்கம் அறுப்போம், இப்போது ஜீப் வைத்து ஒரு நாள் போய்வர வேண்டியிருக்கிறது என்றார். மூன்று நாள் வேலைக்குப் புல் சேர்க்கவே இரண்டு வாரம் ஆனதாம். தாளில் இருக்கும் எந்த உரிமையும் அந்தப் புல்லைத் திரும்பக் கொண்டுவராது. ஆனாலும் 2006 வன உரிமைச் சட்டம் மேய்ச்சலைச் சமூக உரிமையாக ஒப்புக்கொண்டது பெரிய விஷயம். அதைக் கையில் வைத்துக்கொண்டுதான் சீகையை அகற்றிப் புல் நடச் சொல்லிக் கேட்க முடியும். சில இடங்களில் அந்த வேலை நடக்கிறது. பவானியும் பைக்காராவும் அந்தப் புல்லிலிருந்துதான் ஊறுகின்றன என்பதால், கீழே ஈரோட்டில் மஞ்சள் போடுகிறவருக்கும் இது சொந்த விஷயம்.

பழையபடியே வாழ்கிறார்களா என்றால், வீடு ஓட்டு வீடு, கான்கிரீட் வீடு. அரைப் பீப்பாயைக் கவிழ்த்த மாதிரி இருக்கும் பழைய வீடு ஒரு சில மந்துகளில்தான் மிச்சம். அதன் வாசல் மூன்றடிகூட இருக்காது, தவழ்ந்துதான் நுழைய வேண்டும். உள்ளே போனால் நிமிர்ந்து நிற்கலாம், ஊட்டிக் குளிர் வெளியிலேயே நின்றுவிடும். பிள்ளைகள் ஆசிரியர், செவிலியர், அரசு ஊழியர் என்று இருக்கிறார்கள். ஆனால் டிசம்பர் கடைசியிலோ ஜனவரி தொடக்கத்திலோ முத்தநாடு மந்தில் கூம்பு வடிவில் இருக்கும் கோவில் முன்னால் எல்லா மந்து ஆண்களும் கூடுவார்கள். தோள்மேல் கைகோத்து வட்டமாக ஆடுவார்கள். நம் ஊர் இளவட்டக்கல் மாதிரி ஒரு உருண்டைக் கல்லைத் தோளுக்குத் தூக்குவார்கள். பெங்களூரில் கணினி வேலை பார்க்கும் பையன் போர்வையைச் சுற்றிக்கொண்டு அதில் நிற்பான். மூத்தவரைப் பார்த்ததும் குனிவான், அவர் பாதத்தைத் தூக்கி அவன் நெற்றியில் வைப்பார்.

அடுத்த முறை போகிறபோது இரண்டு விஷயம். பூங்காவுக்கு மேலே இருக்கும் மந்து ஒன்றை மட்டும் பார்த்து முடிவுக்கு வராதீர்கள், அதன் மேய்ச்சல் நிலம்தான் பூங்காவாகவும் ஊராகவும் ஆனது. எந்த மந்துக்குப் போனாலும் கேட்டுவிட்டு உள்ளே போங்கள், கோவில் வேலியைத் தாண்ட வேண்டாம், பட்டிக்கும் கோவிலுக்கும் குறுக்கே நடக்க வேண்டாம்.

அப்புறம் சால்வை வாங்க ஆசைப்பட்டால் அவர்களிடமே வாங்குங்கள். தோடர் பூத்தையலுக்கு 2013-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. ஆனாலும் ஊட்டிக் கடைகளில் எந்திரத்தில் அடித்த நகல் மலிவாகக் கிடைக்கும். வித்தியாசம் எப்படித் தெரியும் என்று ஒரு பாட்டியிடம் கேட்டேன். வெள்ளை முரட்டுத் துணி, அதில் சிவப்பும் கறுப்பும். கோடு போடுவதில்லை, மாதிரி வரைவதில்லை. துணியின் இழையை ஊசி முனையால் எண்ணி எண்ணித்தான் தைக்கிறார்கள். அவர் என் விரலைப் பிடித்துத் துணிமேல் வைத்து, மேடு தட்டுப்படுகிறதா என்று தடவிப் பார்க்கச் சொன்னார். பூ எழும்பி நின்றது. ஓர் இடத்தில் ஓர் இழை தப்பியிருந்ததைக் கண்டுபிடித்து, நாலு வரிசையைப் பிரித்துவிட்டு, மறுபடி ஒன்றிலிருந்து எண்ணத் தொடங்கினார். அந்தச் சால்வைக்கு அவருக்கு ஏற்கெனவே மூன்று மாதம் ஆகியிருந்தது.